வாயையும் அடியையும் பாருங்கள்: மண்நட்சத்திரக் காளான்களை இனங்காண ஒரு தொடக்கம்

வாடைக்காற்று தொடங்கி இரண்டு மூன்று பெருமழை விழுந்த பிறகு, திருகோணமலைப் பக்கம் மர நிழலில் மண்டிக்கிடக்கும் சருகை விலக்கினால் சில இடங்களில் மண்ணோடு ஒட்டியபடி சின்ன நட்சத்திரம் ஒன்று தெரியும். நடுவில் ஒரு உருண்டை, சுற்றிவர ஐந்து முதல் பத்து வரையான கதிர்கள். காய்ந்த பூவென்றோ வெடித்த காயென்றோ எண்ணிக் கடந்து போகிறவர்கள்தான் அதிகம். அது மண்நட்சத்திரம் என்ற ஒரு பங்கசு. குடை பிடித்து நிற்கும் காளானின் உறவுதான், ஆனால் குடையும் இல்லை, குடையின் அடியில் தகடு தகடாக இருக்கும் செவுளும் இல்லை. விதைபோல் பரவும் நுண்துகள்களான வித்திகள் முழுவதும் நடு உருண்டைக்குள் இருக்கின்றன.

கண்டவர்கள் பெரும்பாலும் மேலிருந்து ஒரு படம் எடுத்துவிட்டு இதன் பெயர் என்ன என்று கேட்பார்கள். அந்த ஒரு படத்தை வைத்து எவராலும் பெயர் சொல்ல முடியாது. நட்சத்திர வடிவம் ஒன்றுக்கொன்று தொடர்பில்லாத பல பங்கசுகளுக்கு உண்டு. ஒரே இனமும் வயதுக்கேற்ப மூன்று வேறு காளான்கள் போலத் தோன்றும். பெயரைத் தீர்மானிப்பவை இரண்டு இடங்கள்: உருண்டையின் உச்சியில் இருக்கும் வாய், தரையோடு ஒட்டியிருக்கும் அடிப்பக்கம். இந்த இரண்டையும் பார்க்கப் பழகினால் பாதி வேலை முடிந்தது.

உடலமைப்பு

மண்நட்சத்திரங்களில் பெரும்பாலானவை ஜியஸ்ட்ரம் என்ற சாதியை (நெருங்கிய உறவுள்ள இனங்களின் தொகுதியை) சேர்ந்தவை. இவை உக்கலில் வாழ்பவை. சருகு, சுள்ளி, உக்கிய மரம் ஆகியவற்றுக்குள் நூல்போன்ற வெண்ணிற இழைகளாகப் பரவி, அவற்றைச் சிதைத்து உணவெடுக்கின்றன. வருடத்தின் பெரும்பகுதி அவை இழையாகவே இருக்கும். நாம் காணும் நட்சத்திரம், வித்திகளைப் பரப்புவதற்காக அந்த இழைகள் மழைக்காலத்தில் உண்டாக்கும் உடல் மட்டுமே.

அந்த உடல் முதலில் உருண்டையாகத்தான் தோன்றும். சில இனங்களில் மண்ணுக்குள் பாதி புதைந்திருக்கும், சிலவற்றில் சருகின் மேலேயே அமர்ந்திருக்கும். இந்த நிலையில் அதன் சுவர் இரண்டு. வெளிச்சுவர் தடித்தது, மூன்று படைகள் கொண்டது: மண்ணைத் தொடும் இழைப்படை, நடுவில் தோல்போன்ற நார்ப்படை, உட்புறம் தடித்த சதைப்படை. உட்சுவரோ கடுதாசி போல மெல்லியது. அதற்குள்தான் வித்திகள் முற்றுகின்றன.

முற்றியதும் உட்புறச் சதைப்படை நீரை உறிஞ்சி விரிகிறது. வெளியே இருக்கும் நார்ப்படை அந்த அளவுக்கு விரிவதில்லை. ஒரு பக்கம் நீள, மறுபக்கம் நீளாமல் நிற்க, சுவர் உச்சியிலிருந்து வெடித்துப் பின்புறமாக வளைகிறது. தோடம்பழத்தின் தோலை உச்சியிலிருந்து கீழ்நோக்கிக் கீறி, அடியில் ஒட்டியபடியே இதழ் இதழாக விரித்து, பழத்தை நடுவில் விட்டுவைத்தால் என்ன தோன்றுமோ அதுவே இங்கும் நடக்கிறது. விரிந்த துண்டுகளைக் கதிர்கள் என்கிறோம். சில இனங்களில் கதிர்கள் தரைக்குக் கீழ்நோக்கி மடிந்து, நடு உருண்டையைச் சருகுக்கு மேலே தூக்கிப் பிடிக்கும். மழைத்துளியும் காற்றும் எட்டும் இடத்துக்கு உருண்டை வந்துவிடுகிறது.

சதைப்படை புதிதில் வெளிர் மஞ்சளாகவோ, இளஞ்சிவப்பாகவோ, பால் நிறமாகவோ தடித்து ஈரமாக இருக்கும். இரண்டொரு நாளில் கபில நிறமாகி, வெடித்து, செதில் செதிலாக உரிந்துபோகும். தொடக்கநிலையில் இருப்பவர்கள் அதிகம் ஏமாறுவது இங்கேதான். நேற்றுப் பார்த்த பால்நிறத் தடித்த நட்சத்திரமும் அடுத்த வாரம் பார்க்கும் மெலிந்த கபில நட்சத்திரமும் ஒரே காளானாக இருக்கலாம். ஆகவே நிறத்தைக் குறித்துக்கொள்ளலாம், ஆனால் அதை வைத்து முடிவெடுக்கக் கூடாது.

நடு உருண்டையை வித்திப்பை என்போம். அதன் உச்சியில் ஒரு சிறு துளை இருக்கும். உள்ளே கபில நிறத் தூள், அதாவது இலட்சக்கணக்கான வித்திகள். அவற்றோடு கலந்து கிடக்கும் மெல்லிய நூல்கள் தூளைக் கட்டிபடாமல் வைத்திருக்கின்றன. பையின் மேல் ஒரு மழைத்துளி விழும்போது மெல்லிய சுவர் உள்ளே அமுங்கி, வாய் வழியாக ஒரு புகைத்திரள் வெளியேறும். சுவர் மீண்டும் நிமிரும், அடுத்த துளிக்குத் தயாராகும். ஆக, மழை இதற்கு இரண்டு விதத்தில் வேண்டும்: முதலில் வளர, பிறகு வித்தி பரப்ப. கடைசி மழையில் தோன்றிய உடல்கள் அதன் பிறகு வாரக்கணக்கில் காய்ந்து கிடந்தாலும், இடையில் ஒரு தூறல் விழுந்தால் மறுபடி புகை விடும்.

எப்போது, எங்கே

திருகோணமலையின் வருட மழையில் பாதிக்கு மேல் ஒக்டோபர் முதல் ஜனவரி வரையான நான்கு மாதங்களில் பெய்துவிடுகிறது. கச்சான் காற்று அடிக்கும் ஆனி, ஆடி மாதங்களில் தேடிப் பலனில்லை. சருகு நொறுங்கும் அளவுக்குக் காய்ந்திருக்கும். ஐப்பசியில் முதல் நல்ல மழை விழுந்து மண் ஒரு சாண் ஆழத்துக்கு நனைந்த பின், ஒன்றிரண்டு வாரம் கழித்துத் தேடத் தொடங்கலாம். கார்த்திகையும் மார்கழியும் நல்ல காலம். தையில் மழை ஓய்ந்த பிறகு கிடைப்பவை பெரும்பாலும் காய்ந்த பழைய உடல்கள். அவையும் பயனற்றவை அல்ல, அடிப்பக்கத்தைப் படிக்க அவை நன்றாகவே உதவும்.

இடத்தைத் தீர்மானிப்பது நிழலும் சருகும். தினமும் கூட்டிப் பெருக்கி, சருகைக் குவித்து எரிக்கும் வளவில் எதுவும் கிடைக்காது. அதே வளவின் வேலியோரம், ஆண்டுக்கணக்காக மாஞ்சருகு தள்ளிவிட்ட மூலையைப் பாருங்கள். மூங்கில் புதரின் அடி, பழைய மதிலின் நிழற்பக்கம், கோயில் வளவில் நிற்கும் முதிய மரங்களின் வேரிடுக்கு, தேக்கந்தோட்டம் ஆகியவை தேடத் தகுந்தவை. உப்புவெளி, நிலாவெளிக் கரையோரத்தில் மணல் தண்ணீரை விரைவாக வடித்துவிடும். மழை விட்ட நாலைந்து நாளில் மேற்சருகு காய்ந்துவிடுவதால் அங்கே மழைக்கு அடுத்த நாட்களிலேயே போக வேண்டும், அதுவும் அடர்ந்த நிழலுக்குள் மட்டும். கன்னியா, தம்பலகாமம், கந்தளாய்ப் பக்கத்து உட்காடுகளில் பாலையும் வீரையும் முதிரையும் உதிர்க்கும் சருகு ஈரத்தை அதிக நாள் பிடித்து வைத்திருக்கும்.

நின்றபடி தேடினால் கண்ணில் படாது. முழங்காலிட்டு, தரையிலிருந்து ஒரு முழ உயரத்தில் கண்ணை வைத்து, கிடைமட்டமாகப் பாருங்கள். ஒன்றைக் கண்டால் அந்த இடத்திலேயே நின்று இரண்டு மீற்றர் வட்டத்துக்குள் மெல்லத் தேடுங்கள். ஒரே இழைவலையிலிருந்து பல உடல்கள் வருவதால், விரியாத உருண்டை, புதிதாய் விரிந்தது, காய்ந்தது என மூன்று வயதும் அருகருகே கிடைக்க வாய்ப்புண்டு. மூன்றும் கிடைத்தால் இனங்காணல் பல மடங்கு எளிது.

சருகை வெறுங்கையால் விலக்க வேண்டாம். முழ நீளத் தடியொன்று எடுத்துச் செல்லுங்கள். கண்ணாடி விரியனும் சுருட்டையும் இருக்கும் மாவட்டம் இது. உட்காடு என்றால் காலை மாலை வேளைகளில் யானையையும் கருத்தில் கொள்ள வேண்டும். பிரெட்ரிக் கோட்டைக்குள் கோணேசர் கோயிலுக்குப் போகும் வழியில் நல்ல நிழல் மரங்கள் உண்டு, ஆனால் அங்கே படையினரின் இடங்களும் இருப்பதால் பாதையை விட்டு இறங்காதீர்கள். மிதிவெடி எச்சரிக்கைப் பலகை எங்கே கண்டாலும் அதற்கு அப்பால் ஒரு அடிகூட வைக்கக் கூடாது, அது எவ்வளவு பழைய பலகையாக இருந்தாலும் சரி.

கண்டபின் செய்ய வேண்டியது

தொடுவதற்கு முன் படம். முதல் படம் மேலிருந்து, அருகில் ஒரு அடிமட்டம் வைத்து. இரண்டாவது பக்கவாட்டில், கமராவைத் தரையில் வைத்து. வித்திப்பை கதிர்களின் மேல் நேரடியாக அமர்ந்திருக்கிறதா, அல்லது சிறு காம்பில் நிற்கிறதா என்பதை இந்தப் படம்தான் காட்டும். மூன்றாவது வாய்க்கு மிக அருகில். தொலைபேசிக் கமரா இவ்வளவு அருகில் குவியாவிட்டால், பத்து மடங்கு பெருக்கும் கைவில்லையை லென்சின் முன் பிடித்து எடுக்கலாம். பிறகு பிளேட்டின் நுனியால் சுற்றியுள்ள மண்ணோடு சேர்த்து மெல்லத் தூக்கி, கவிழ்த்து, அடிப்பக்கத்தைப் படம் எடுங்கள். பிடுங்கக் கூடாது. பிடுங்கினால் அடியில் ஒட்டியிருக்கும் இழைப்படை மண்ணிலேயே தங்கிவிடும். இனத்தைச் சொல்லும் அடையாளம் அதோடு போய்விடும்.

இனி வாய். கைவில்லையில் பார்க்கும்போது மூன்று கேள்விகள். துளையைச் சுற்றியுள்ள கூம்பு மெல்லிய நார்களால் ஆனதா, அல்லது பாவாடை மடிப்பைப் போல வரிவரியாகக் கொசுவியதா? அந்தக் கூம்பு பையின் மற்றப் பகுதியிலிருந்து ஒரு தெளிவான வட்டக் கோட்டால் பிரிக்கப்பட்டிருக்கிறதா, இல்லையா? அல்லது கூம்பே இல்லாமல் வெறும் கிழிசல் மட்டுமா? மழையில் பலநாள் அடிபட்ட பையின் வாய் கிழிந்து தொங்கும், வட்டக் கோடும் அழிந்திருக்கும். ஆகவே ஒன்றை மட்டும் பார்த்து ‘கோடு இல்லை’ என்று எழுதிவிடாமல், புதிதாய் விரிந்த இன்னொன்றையும் பாருங்கள். பழைய உடலை மட்டும் பார்த்துச் செய்த இனங்காணல்களில் வரும் தவறுகளுக்கு இதுவே முதற்காரணம்.

அடிப்பக்கத்தில் பார்க்க வேண்டியது, வெளிப்படையில் சருகும் மண்ணும் சுள்ளியும் இறுகப் பின்னியிருக்கிறதா, அல்லது அது ஓரளவு சுத்தமாக இருக்கிறதா என்பது. தண்ணீர் விட்டு மென்மையான தூரிகையால் ஒருமுறை துடைத்துப் பாருங்கள். ஒட்டியிருந்த மண் போய்விட்டால் அது மழைத் தெறிப்பு. போகாமல் இழையோடு பின்னிக் கிடந்தால் அது காளானின் இயல்பு. அடிப்பகுதி கிண்ணம்போல் குழிந்து பையைத் தாங்குகிறதா, அல்லது மேல்நோக்கி வளைந்து கதிர்நுனிகளில் நிற்கிறதா என்பதையும் எழுதுங்கள்.

அளவுகள் மூன்று போதும்: கதிர்கள் விரிந்த நிலையில் முழு அகலம், பையின் விட்டம், கதிர்களின் எண்ணிக்கை. எல்லாம் மில்லிமீற்றரில், ஈரமாக இருக்கும்போதே. காய்ந்த பிறகு அளந்தால் கதிர் சுருண்டு அகலம் பாதியாகிவிடும். கதிர்களின் எண்ணிக்கை ஒரே கூட்டத்துக்குள்ளும் மாறுபடுவதால் அதற்கு அதிக எடை கொடுக்க வேண்டாம். கடைசியாக, எதன் மேல் வளர்ந்தது, பக்கத்தில் நிற்கும் மரம் எது என்பதைக் குறியுங்கள். மண், சருகு, உக்கிய கட்டை ஆகியவற்றுக்கிடையிலான வேறுபாடு சில இனங்களுக்குத் தீர்ப்பு மாதிரி.

நட்சத்திரமாகத் தோன்றும் வேறு பங்கசுகள்

இவற்றில் முதன்மையானது அஸ்ட்ரேயஸ். தோற்றத்தில் அச்சொட்டாக ஜியஸ்ட்ரம், உறவில் வெகுதூரம். பங்கசு ஆய்வாளர் பெர்சூன் 1801இல் இதையும் ஜியஸ்ட்ரம் என்றே பெயரிட்டார். 1889இல் மோர்கன் என்ற இன்னொரு ஆய்வாளர் அதைத் தனிச் சாதியாகப் பிரித்தார். இன்று அது, குடையின் அடியில் செவுளுக்குப் பதில் நுண்துளைகள் கொண்ட பொலீட்டஸ் காளான்களின் வரிசையில் வைக்கப்படுகிறது. இதன் கதிர்கள் ஈரத்தில் விரியும், காய்ந்தால் பையைச் சுற்றி இறுக மூடிக்கொள்ளும், மறுபடி நனைத்தால் மறுபடி விரியும். வாயில் கூம்பு கிடையாது, ஒழுங்கற்ற கிழிசல் மட்டும். கதிரின் உட்புறம் பெரும்பாலும் சதுரம் சதுரமாக வெடித்திருக்கும்.

சோதிப்பது எளிது. காய்ந்த உடலை ஒரு கோப்பைத் தண்ணீரில் அரை மணிநேரம் போட்டு வையுங்கள். பிறகு வெளியே எடுத்துக் காற்றில் ஒரு நாள் காயவிடுங்கள். முழுதாக விரிந்து முழுதாக மூடினால் அஸ்ட்ரேயஸ் என்ற ஐயம் வலுக்கும். நனைத்ததை மட்டும் பார்த்து முடிவெடுக்கக் கூடாது. சாதாரண ஜியஸ்ட்ரமும் தண்ணீரில் ஊறிச் சற்று நிமிரும், ஆனால் காயும்போது பையை மூடிக்கொள்ளாது. இதிலும் ஒரு சிக்கல் உண்டு: ஜியஸ்ட்ரம் சாதியிலேயே சில இனங்கள் இப்படி மூடித் திறப்பவை. அதனால் இந்தச் சோதனையோடு வாயையும் சேர்த்தே பாருங்கள்.

வாழிடமும் உதவும். அஸ்ட்ரேயஸ் உயிருள்ள மரத்தின் வேரோடு இணைந்து வாழ்வது. சால், பைன், யூக்கலிப்டஸ் போன்ற மரங்கள் அதற்கு வேண்டும். பாலையும் வீரையும் நிறைந்த வறள்காட்டில் அப்படிப்பட்ட மரங்கள் அரிது. ஆக, பாலை மரத்துச் சருகில் கண்டது ஜியஸ்ட்ரமாக இருக்கவே வாய்ப்பு அதிகம்.

ஸ்கிளிரோடேர்மா என்ற தடித்த தோல் உருண்டைக் காளானும் முற்றியபின் நட்சத்திரமாக வெடிப்பதுண்டு. இதில் தனியான உட்பை கிடையாது. தோல் விரிந்ததும் கரும்தூள் அப்படியே திறந்து கிடக்கும். நடுவில் கடுதாசிப் பை இருக்கிறதா என்ற ஒரே கேள்வி போதும். சவுக்கு மரத்தடியில் மணலில் கிடக்கும் தடித்த உருண்டைகளைக் கண்டால் முதலில் இதைத்தான் நினைக்க வேண்டும்.

சிவந்த கதிர்கள், அழுகிய இறைச்சி நாற்றம், மொய்க்கும் இலையான்: இது நாற்றக் காளான் வகை. வித்தி தூளாக இல்லாமல் கரும்பச்சைக் களியாக இருக்கும். மண்நட்சத்திரத்துக்கு நாற்றம் கிடையாது.

முதிரைக் காய் போன்ற வெடித்த காய்க்கூடுகளை விரலால் அழுத்தினால் மரம்போல உறுதியாக இருக்கும், தூள் வராது.

இன்னொன்று மிகச் சிறியது, ஆனால் உண்மையான உறவினர்: ஸ்பேரோபோலஸ். உக்கும் சுள்ளியிலும் பழைய சாணத்திலும் வளரும், ஒன்றிரண்டு மில்லிமீற்றர் அகல நட்சத்திரம், நடுவில் ஒரு பளபளக்கும் மணி. உட்படை திடீரென வெளிப்புறமாகப் பிதுங்கி அந்த மணியைப் பல மீற்றர் தூரத்துக்கு எறிந்துவிடும். பக்கத்து வெள்ளைச் சுவரில் தார்ப்பொட்டுப் போல ஒட்டிக்கொண்டு, கழுவினாலும் போகாத கரும்புள்ளிகள் சில இதனால் வருபவை. சாணக்குவியல் இருக்கும் பட்டியோரம் கைவில்லையோடு குனிந்தால் தேடலாம்.

விரியாத உருண்டையை மட்டும் கண்டால்? மேலிருந்து கீழாக நடுவே வெட்டுங்கள். மண்நட்சத்திரமானால் தடித்த வெளிச்சுவரும், அதற்குள் தனித்த ஒரு உட்பந்தும், அதன் அடியிலிருந்து நடுவில் ஏறும் வெளிர் தூணும் தெரியும். உள்ளே குட்டிக் காளானின் வடிவம், அதாவது குடையும் காம்பும் செவுளும் கோடாகத் தெரிந்தால் அது அமனிட்டா என்ற குடைக்காளான் சாதியின் முட்டையாக, அதாவது விரியாத உருண்டையாக இருக்கலாம். அந்தச் சாதியில் ஆளைக் கொல்லும் நஞ்சுள்ள இனங்கள் உண்டு. கூழ்ப்படை தெரிந்தால் நாற்றக் காளானின் முட்டை. இறுகிய கருநாவல் நிறம் தெரிந்தால் ஸ்கிளிரோடேர்மா.

இனப்பெயர் வரை

ஜியஸ்ட்ரம் என்று நிறுத்திக்கொள்வதில் குறைவொன்றும் இல்லை. வெப்பவலய நாடுகளில் பல காலமாக ஒரே பெயரில் அழைக்கப்பட்டவை மரபணு ஆய்வில் பல இனங்களாகப் பிரிந்து வருகின்றன. புறத்தோற்றத்தை மட்டும் வைத்து உறுதிப் பெயர் சொல்வதைவிட, ‘இன்ன இனத்தின் கூட்டம்’ என்று எழுதுவதே நேர்மை. ஆயினும் சில உருவங்களைத் தெரிந்து வைத்திருப்பது நல்லது.

பை காம்பின்றிக் கிண்ணம்போன்ற அடியில் அமர்ந்து, நார்க்கூம்பு வாயும் அதைச் சுற்றித் தெளிவான வட்டக் கோடும் இருந்து, வெளிப்புறம் ஓரளவு சுத்தமாக, விரிந்த அகலம் 2 முதல் 5 சென்ரிமீற்றர் வரை இருந்தால் ஜியஸ்ட்ரம் சக்காட்டம் பக்கம் தேடுங்கள். ஏறத்தாழ அதே உருவம், ஆனால் வாயைச் சுற்றிக் கோடு இல்லை, அடியில் குப்பை பின்னியிருக்கிறது என்றால் ஜியஸ்ட்ரம் ஃபிம்பிரியாட்டம். வெளிப்புறம் மென்பட்டுப்போல் மயிரடர்ந்து இருந்தால் ஜியஸ்ட்ரம் வெலுட்டினம்.

பெரியது ஜியஸ்ட்ரம் டிரிப்ளெக்ஸ். விரியாத நிலையில் வெங்காயம்போல் மூக்கு நீண்டிருக்கும். விரிந்தால் 10 சென்ரிமீற்றரைத் தொடும். சதைப்படை வெடித்து, பையைச் சுற்றி ஒரு தட்டுப்போல் நிற்கும். இயற்கை ஆய்வாளர் யுங்ஹூன் 1840இல் ஜாவாவிலிருந்து விவரித்த இனம் இது. எனவே நம் பக்கத்துக்கு இந்தப் பெயர் ஐரோப்பாவைவிடப் பொருத்தமானது. ஆனால் அந்தத் தட்டை மட்டும் நம்ப வேண்டாம். சதைப்படை தடித்த வேறு இனங்களிலும் தற்செயலாக இப்படி வெடிக்கும். டிரிப்ளெக்ஸிலும் சில உடல்களில் தட்டே உருவாகாது. மூக்கு நீண்ட விரியாத உருண்டை பக்கத்தில் கிடக்கிறதா என்று பாருங்கள், அதுதான் நல்ல சாட்சி.

வாய் கொசுவிய மடிப்பாகவும் பை தெளிவான காம்பிலும் இருந்தால் பெக்டினாட்டம், ஸ்ட்ரையாட்டம் என்ற கூட்டம். நாலைந்து கதிர்களை ஊன்றி, ஆள் நிற்பதுபோல் நிமிர்ந்து நின்றால் ஃபோர்னிகாட்டம். பையின் மேல் ஒரு வாய்க்குப் பதில் பல துளைகளும், அடியில் பல காம்புகளும் இருந்தால் அது ஜியஸ்ட்ரமே இல்லை, மைரியோஸ்டோமா.

உக்கிய கட்டையில் வெண்ணிறப் படலம் விரித்து, அதன் மேல் நெருக்கமாகப் பத்து, இருபது என்று ஒன்றிரண்டு சென்ரிமீற்றர் அகல நட்சத்திரங்கள் முளைத்திருந்தால் ஜியஸ்ட்ரம் ஷ்வைனிட்சியை, ஜியஸ்ட்ரம் மிராபிலே என்ற இரண்டில் ஒன்று. வெப்பவலயத்துக்கே உரிய அழகு இந்தக் கூட்டம். கட்டையைப் புரட்டி எடுத்துப் போகாமல், படலத்தோடு ஒரு சிறு பட்டைத்துண்டை மட்டும் வெட்டிக்கொள்ளுங்கள். படலம் இல்லாமல் கொண்டுவந்த ஒற்றை நட்சத்திரத்தை மற்றச் சிறிய இனங்களிலிருந்து பிரிப்பது கடினம்.

பாடசாலை ஆய்வுகூட நுணுக்குக்காட்டி கிடைத்தால் வித்தியையும் பார்க்கலாம். உலர்ந்த தூள் தண்ணீரில் ஒட்டாது, மிதந்து காற்றுக் குமிழோடு நிற்கும். முதலில் ஒரு துளி ஸ்பிரிட்டில் நனைத்து, அது ஆவியாகும் நேரத்தில் தண்ணீரோ 5 சதவீதப் பொற்றாசியம் ஐதரொட்சைட்டுக் கரைசலோ சேர்த்து மெல்லிய கண்ணாடி மூடுவில்லையால் மூடுங்கள். எண்ணெயமிழ்வு வில்லையில் 1000 மடங்கு பெருக்கினால் ஜியஸ்ட்ரம் வித்திகள் சிறு முள்ளுகள் கொண்ட உருண்டைகளாக, பெரும்பாலும் 3 முதல் 6 மைக்குரோமீற்றருக்குள் இருக்கும். அஸ்ட்ரேயஸின் வித்தி ஏறத்தாழ இரு மடங்கு பெரியது. மற்றெல்லாச் சோதனையும் குழப்பினாலும் இந்த அளவு குழப்பாது.

உண்ணலாமா, எடுக்கலாமா

முற்றிய மண்நட்சத்திரம் தோலும் தூளும்தான், உணவாகாது. தாய்லாந்திலும் இந்தியாவின் ஜார்க்கண்டிலும் சந்தையில் விற்கப்படுவது இளம் அஸ்ட்ரேயஸ், அது வேறு பங்கசு. அந்தச் செய்தியைப் படித்துவிட்டு இங்கே கிடைக்கும் வெள்ளை உருண்டைகளைக் கறிக்கு எடுப்பது ஆபத்து. காரணம் மேலே சொன்ன அமனிட்டா முட்டை. தூளை முகத்துக்கு நேரே ஊதி விளையாடவும் வேண்டாம். உருண்டைக் காளான் தூளை அதிகமாகச் சுவாசித்தவர்களுக்கு நுரையீரல் அழற்சி வந்திருக்கிறது. ஈளை உள்ளவர்கள் முகமூடி அணிந்தே பையைத் தட்ட வேண்டும்.

தேசிய பூங்கா, சரணாலயம், ஒதுக்குக்காடு ஆகியவற்றுக்குள் அனுமதியின்றி எதையும் எடுக்கக் கூடாது. வனசீவராசிகள் திணைக்களத்தினதும் வனப் பாதுகாப்புத் திணைக்களத்தினதும் சட்டங்கள் காளானைச் சின்னப் பொருளென்று விட்டுவிடுவதில்லை. அங்கே நான்கு படங்களோடு நிறுத்திக்கொள்ளுங்கள். சொந்த வளவிலோ உரிமையாளர் சம்மதித்த நிலத்திலோ எடுக்கும்போதும் கூட்டத்தில் இரண்டு மூன்று போதும்.

எடுத்ததைச் சொப்பின் பைக்குள் கட்டினால் வீடு வருமுன்னே வியர்த்து, அடுத்த நாள் பூஞ்சணம் பிடிக்கும். ஒவ்வொன்றையும் கடுதாசியில் தளர்வாகச் சுற்றி, சிறியவற்றை நெருப்புப்பெட்டிக்குள் வைத்து, கடினமான டப்பாவில் கொண்டு வாருங்கள். 40 பாகை செல்சியஸ் அளவு வெப்பத்தில், மின்குமிழ் பொருத்திய பெட்டியிலோ காற்றோட்டமான நிழலிலோ, நொறுங்கும் அளவுக்கு உலர்த்துங்கள். மாரிக்காலத்தில் வெறும் நிழல் போதாது, மின்குமிழ் வேண்டும். அடுப்பங்கரைப் பரணில் வைத்தால் காயும், ஆனால் புகை படிந்து நிறமும் மணமும் மாறிவிடும்.

காய்ந்ததைக் கடுதாசி உறையில் இட்டு, உறையின் மேல் திகதி, இடம், எதன் மேல் வளர்ந்தது, அருகிலுள்ள மரம், ஈரமாக இருந்தபோது எடுத்த அளவுகள், படங்களின் எண்கள் ஆகியவற்றைப் பென்சிலால் எழுதுங்கள். பேனா மை ஈரத்தில் ஊறும். இந்த விவரம் இல்லாத மாதிரியைக் கிழக்குப் பல்கலைக்கழகத்தின் தாவரவியலாளரிடமோ பேராதனை உலர்தாவரக் காப்பகத்திடமோ காட்டினாலும் அவர்களால் பெரிதாக எதுவும் செய்ய முடியாது. உறைகளைக் காற்றுப்புகாத டின்னில், சப்பாத்துப் பெட்டிகளில் வரும் சிலிக்கா ஜெல் பொட்டலங்களோடு அடுக்குங்கள். முதலில் ஒரு வாரம் உறைகுளிரூட்டியில் வைத்தெடுத்தால் உள்ளிருக்கும் வண்டு முட்டைகள் சாகும். பிறகும் ஆறு மாதத்துக்கு ஒருமுறை திறந்து பாருங்கள். உறையின் மூலையில் வித்தித் தூளைவிடப் பருமனான மரத்தூள் போன்ற பொடி சேர்ந்திருந்தால் வண்டு வேலை செய்கிறது, அந்த உறையை மட்டும் பிரித்தெடுத்து மறுபடி உறைகுளிரில் வையுங்கள்.